சமையலறை கேள்வி - பதில்: ஓவனில் வேகும் இனிப்பு ஃப்ரெஞ்ச் டோஸ்ட்

தோசைக்கல்லில் பாம்பே டோஸ்ட் போடத் தெரியும். ஓவனில் செய்யும் ஃப்ரெஞ்ச் டோஸ்ட் அதிலிருந்து எப்படி வேறுபடுகிறது? சரியான அளவு சொல்லுங்கள்.
- வாசகி, கோயம்புத்தூர்

கல்லில் போடும்போது ஒவ்வொரு துண்டையும் முட்டைப்பாலில் நனைத்து வெளிப்பக்கத்தைப் பொரித்து எடுக்கிறோம். உள்ளே போகும் பால் கொஞ்சம்தான். ஓவன் முறையில் பிரெட் துண்டுகளை ட்ரேயில் அடுக்கி, முட்டையும் பாலும் சேர்ந்த கலவையை மொத்தமாக ஊற்றி, ஊறவிட்டு, ஒரே தடவையில் வேக வைக்கிறோம். மேலே மொறுமொறுப்பு, உள்ளே கஸ்டர்ட் பதம். அமெரிக்க வீடுகளில் கிறிஸ்துமஸ் போன்ற விடுமுறைக் காலையில் இதைச் செய்வது வழக்கம். இரவே ஊற வைத்துவிட்டால் காலையில் ஓவனில் தள்ளுவது ஒன்றுதான் வேலை.

20 செ.மீ. சதுர ட்ரேக்கு, 4-5 பேருக்கான அளவு: பிரெட் 300 கிராம், முட்டை 5, முழுக்கொழுப்புப் பால் 350 மி.லி., ஃப்ரெஷ் க்ரீம் 100 மி.லி., சர்க்கரை 70 கிராம், பட்டைத்தூள் 1 டீஸ்பூன், வெனிலா எசன்ஸ் ஒன்றரை டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூன், ட்ரேயில் தடவ வெண்ணெய். ஆவின் என்றால் ஆரஞ்சு பாக்கெட்டை வாங்குங்கள், அதில் 6 சதவீதம் கொழுப்பு உண்டு. நீல பாக்கெட்டில் 3 சதவீதம்தான். அதுதான் கையில் இருக்கிறது என்றால் கூடுதலாக ஒரு மஞ்சள் கரு சேருங்கள்.

மேல்தூவலுக்கு மைதா 40 கிராம், பிரவுன் சர்க்கரை அல்லது நாட்டுச் சர்க்கரை 50 கிராம், குளிர்ந்த வெண்ணெய் 40 கிராம், ஒரு சிட்டிகை உப்பு. விரல் நுனியால் பிசறி, பட்டாணி அளவு உருண்டைகளாக உதிர்ந்து வந்ததும் ஃப்ரிட்ஜில் வையுங்கள்.

பிரெட்டை 3 செ.மீ. துண்டுகளாக்கி உலர்த்துங்கள் (அடுத்த பதிலைப் பாருங்கள்). சர்க்கரை, உப்பு, பட்டைத்தூள் மூன்றையும் உலர்வாகவே கலந்து, பிறகு முட்டையை உடைத்து ஊற்றி அடியுங்கள். பாலும் க்ரீமும் எசன்ஸும் கடைசியில்தான். பட்டைத்தூளை நேராகப் பாலில் போட்டால் நனையாமல் கட்டி கட்டியாக மிதக்கும். சர்க்கரையோடு சேர்ந்து போனால் பிரிந்து கலந்துவிடும். கலவையைப் பிரெட்டின் மேல் பரவலாக ஊற்றி, கரண்டியின் பின்புறத்தால் மெல்ல அமுக்கி, குறைந்தது அரை மணி நேரம் ஊற விடுங்கள். முடிந்தால் இரவு முழுக்க ஃப்ரிட்ஜில் வைப்பதே மேல்.

ஓவனை 175 டிகிரிக்குச் சூடாக்கி, ட்ரேயை ஃபாயிலால் மூடி 25 நிமிடம் வேக விடுங்கள். பிறகு ஃபாயிலை எடுத்து, மேல்தூவலைப் பரப்பி இன்னும் 15-20 நிமிடம். தூவலை முதலிலேயே போட்டு மூடினால் ஆவியில் நனைந்து களியாகிவிடும். வெந்ததும் வெளியே எடுத்து 10 நிமிடம் ஆற விட்டுத்தான் வெட்ட வேண்டும். அந்தப் பத்து நிமிடத்தில்தான் கஸ்டர்ட் இறுகி நிற்கும்.

பழைய பிரெட்தான் நல்லது என்கிறார்கள். இரவு முழுக்க வெளியே வைத்திருந்த பிரெட்டில் செய்தேன். அப்படியும் சொதசொதவென்று வந்தது. ஏன்?
- வாசகர், சென்னை

வேண்டியது உலர்ந்த பிரெட். பழைய பிரெட் உலர்ந்திருக்கும் என்று சொல்ல முடியாது. வெள்ளை பிரெட்டின் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் தண்ணீர்தான். பிரெட் பழசாகும்போது விறைப்பதற்கு முக்கியக் காரணம், வெந்து குழைந்த மாவுச்சத்து மறுபடி இறுகுவது. ஈரம் பெரும்பாலும் உள்ளேயே இருக்கும். 60 டிகிரி சூட்டைத் தாண்டியதும் அந்த இறுக்கம் தளர்ந்து பிரெட் பழையபடி மெத்தென்றாகிவிடும். தன் ஈரத்தோடு ஊற்றிய பாலையும் தாங்க முடியாமல் குழைந்துபோகும். சென்னை போன்ற கடலோர ஊரின் ஈரக்காற்றில், வெளியே வைக்கும் பிரெட் உலர்வதற்குள் பூஞ்சை பிடிக்கவும் கூடும். ஃப்ரிட்ஜில் வைத்தாலோ வேகமாக விறைக்குமே தவிர, உலராது.

ஆகவே ஓவனிலேயே உலர்த்துங்கள். துண்டுகளை ஒரே அடுக்காகப் பரப்பி 150 டிகிரியில் 15-20 நிமிடம், நடுவில் ஒருமுறை புரட்டி விடுங்கள். நிறம் மாறக் கூடாது. தொட்டால் வெளியே ரஸ்க் மாதிரி, அழுத்தினால் உள்ளே கொஞ்சம் இளக்கம் தெரிந்தால் சரியான பதம். தராசு இருந்தால் சந்தேகமே வேண்டாம்: 300 கிராம் 240-250 கிராமாக இறங்கியிருந்தால் போதும். ஆறிய பிறகே கலவையை ஊற்றுங்கள். அன்று காலை வாங்கிய பிரெட்டையும் இப்படி உலர்த்திச் செய்யலாம், எந்த வித்தியாசமும் இருக்காது.

எந்த பிரெட் வாங்குவது? ப்ரியோஷ் எங்கள் ஊரில் கிடைக்காது.
- வாசகி, திருச்சி

வெண்ணெயும் முட்டையும் சேர்ந்த ப்ரியோஷ் நல்ல ருசி தரும் என்பது உண்மைதான். அது இல்லாவிட்டால் பேக்கரியில் வெட்டாத மில்க் பிரெட் கேட்டு வாங்கி நீங்களே தடிமனாக வெட்டுங்கள். டுட்டி ஃப்ரூட்டி போடாத இனிப்பு பன்னும் நன்றாக வரும். பன்னில் செய்தால் கலவையில் சர்க்கரையை 50 கிராமாகக் குறைத்துக்கொள்ளுங்கள். பாக்கெட்டில் மெல்லிசாக வெட்டி வரும் சாண்ட்விச் பிரெட் கடைசித் தேர்வு. ஓரத்தை வெட்டி எறிய வேண்டாம், துண்டு உருக்குலையாமல் பிடித்து வைப்பதே அந்த ஓரம்தான்.

ஓ.டி.ஜி.யில் (மேசை மேல் வைக்கும் சிறிய மின் ஓவன்) செய்தால் மேலே கருகிவிடுகிறது, அடியில் தண்ணீர் நிற்கிறது. இரண்டும் ஒரே நேரத்தில் எப்படி நடக்கிறது?
- வாசகி, மதுரை

சின்ன ஓ.டி.ஜி.யில் மேல் கம்பிக்கும் ட்ரேக்கும் இடைவெளி குறைவு. கம்பியின் நேரடி வெப்பம் மேற்பரப்பைச் சீக்கிரம் சிவக்க வைக்கிறது, சூடு நடுவுக்கு இறங்க நேரமில்லை. ட்ரேயின் மேல் விளிம்பு ஓவனின் நடு உயரத்துக்கு வரும்படி ரேக்கை ஒரு படி இறக்குங்கள். மேல், கீழ் கம்பி இரண்டும் எரிய வேண்டும். முன்சூடு 15 நிமிடம். ஃபாயில் கம்பியில் படாமல் விளிம்பில் இறுக்கமாக மடித்திருக்க வேண்டும். கண்ணாடி ட்ரே மெதுவாகச் சூடாகும், அதே ஓவனில் அலுமினிய ட்ரேயில் வைத்தால் அடி நன்றாக வேகும். ஓவன் திருகில் 175 என்று வைத்தாலும் உள்ளே அதே சூடு இருக்கும் என்பதில்லை. ஓவனுக்குள் வைக்கும் சிறிய வெப்பமானி வாங்கிக்கொண்டால் கேக், பிஸ்கட் எல்லாவற்றுக்கும் பயன்படும்.

அடியில் நிற்கும் தண்ணீரை ஒரு ஸ்பூனில் எடுத்துப் பாருங்கள், காரணத்தை அதுவே சொல்லிவிடும். பால் நிறத்தில் கொழகொழவென்று இருந்தால் வேகவில்லை. ஃபாயிலை மூடி இன்னும் 10 நிமிடம் வையுங்கள். தெளிந்த மஞ்சள் நீராக இருந்து, கஸ்டர்டில் சிறு சிறு துளைகளும் தெரிந்தால் அதிகம் வெந்துவிட்டது. சூடு அளவு மீறும்போது முட்டையின் புரதம் சுருங்கி, பிடித்து வைத்திருந்த நீரைப் பிழிந்து விட்டுவிடும். அதைத் திருப்பிச் சேர்க்க வழியில்லை. வடித்துவிட்டுப் பரிமாறி, அடுத்த முறை ஐந்து நிமிடம் முன்னதாக எடுங்கள்.

சமையல் வெப்பமானியை நடுவில் குத்திப் பார்த்தால் 72 முதல் 77 டிகிரி இருக்க வேண்டும். 71 டிகிரியை எட்டினால்தான் முட்டை சேர்ந்த பண்டம் பாதுகாப்பானது. வெப்பமானி இல்லையென்றால் ட்ரேயை லேசாக அசையுங்கள். ஓரம் நிலைத்து, நடு மட்டும் சற்றே ததும்பினால் இன்னும் சில நிமிடங்கள். மொத்தமும் ஒன்றாக அசைந்து, நடுவில் குத்திய கத்தியில் பச்சைப் பால் ஒட்டாமல் வந்தால் உடனே இறக்குங்கள்.

முட்டை வாடை வருகிறது என்று வீட்டில் ஒதுக்குகிறார்கள். எசன்ஸை அதிகமாக்கினால் கசக்கிறது.
- வாசகி, சேலம்

எசன்ஸைக் கூட்டாதீர்கள். வாடை பெரும்பாலும் வெள்ளைக் கருவிலிருந்து, அதுவும் அளவுக்கு மேல் சூடாகும்போது வருகிறது. ஆகவே முதல் வைத்தியம் சரியான நேரத்தில் இறக்குவது. அடுத்து, 5 முட்டைக்குப் பதில் 3 முழு முட்டையும் 4 மஞ்சள் கருவும் போடுங்கள். கலவையைக் கட்டாயம் வடிகட்டுங்கள், கரையாத வெள்ளைக் கரு இழைகள் வெந்து தனித்தனியாகப் பல்லில் படுவதே பலருக்குப் பிடிப்பதில்லை. ஆரஞ்சு அல்லது எலுமிச்சைத் தோலின் மேல்பகுதியை மட்டும் அரை டீஸ்பூன் துருவிப் போட்டால் மணம் தூக்கலாக இருக்கும். வெள்ளைப் பகுதி விழுந்தால் அதுவும் கசக்கும்.

முட்டை சேர்க்காமல் செய்ய முடியுமா?
- வாசகி, கும்பகோணம்

முடியும். முட்டை இல்லாத கஸ்டர்ட் பவுடரை இங்கிலாந்தின் பர்மிங்காமில் ஆல்ஃபிரட் பேர்டு என்ற மருந்துக்கடைக்காரர் 1837-ல் உருவாக்கியதே, முட்டை ஒத்துக்கொள்ளாத தன் மனைவிக்காகத்தான். அது சோள மாவு சேர்ந்தது, எனவே முட்டையைப் போலப் பச்சையாக ஊற்றி ஓவனில் வைத்தால் மாவு அடியில் தங்கி, பச்சை வாசனையும் போகாது. அடுப்பில் காய்ச்சித்தான் ஊற்ற வேண்டும்.

500 மி.லி. பாலில் 100 மி.லி.யைக் குளிராக எடுத்து 2 டேபிள்ஸ்பூன் வெனிலா கஸ்டர்ட் பவுடரைக் கரையுங்கள். மீதிப் பாலோடு 100 மி.லி. கண்டென்ஸ்டு மில்க் சேர்த்துக் கொதிக்கவிட்டு, கரைத்ததை ஊற்றிக் கிளறிக்கொண்டே ஒரு நிமிடம் கொதித்ததும் இறக்கி, 20 கிராம் வெண்ணெய் சேருங்கள். வெதுவெதுப்பாக இருக்கும்போதே 250 கிராம் உலர்ந்த பிரெட்டில் ஊற்றி, 20 நிமிடம் ஊறியதும் 175 டிகிரியில் 25-30 நிமிடம். இதை இரவில் ஊற வைக்காதீர்கள். ஆறினால் கஸ்டர்ட் கெட்டியாகி மேலேயே நின்றுவிடும், பிரெட்டுக்குள் இறங்காது.

இங்கே ரோஸ்ட் பாண் (மேலோடு கடினமான பிரெட்) கிடைக்கிறது. அதில் செய்யலாமா? சீனிக்குப் பதிலாகக் கித்துள் பாணி (கித்துள் பனையின் பதநீரைக் காய்ச்சிய பாகு) சேர்க்க விருப்பம்.
- வாசகர், யாழ்ப்பாணம்

ரோஸ்ட் பாண் இதற்கு ஏற்றதுதான். மேலோடு கடினம் என்பதால் இரண்டு மணி நேரமாவது ஊற வேண்டும், இரவு முழுக்க என்றால் இன்னும் நல்லது. கித்துள் பாணியைக் கலவைக்குள் ஊற்றாமல், வெந்து இறக்கியதும் மேலே ஊற்றிச் சாப்பிடுங்கள். அதன் மணம் அப்படியே கிடைக்கும். கலவைக்குச் சீனி 50 கிராம் போதும். வெல்லம், கருப்பட்டி சேர்க்க நினைப்பவர்களும் இப்படியே பாகாகக் காய்ச்சி வடிகட்டி மேலே ஊற்றலாம். உள்ளே சேர்த்தால் சூட்டில் பால் திரியும் வாய்ப்பு உண்டு. நல்ல இலங்கைக் கறுவா (இலங்கைப் பட்டை) உங்கள் பக்கத்திலேயே கிடைக்கும்போது அதையே பொடித்துப் போடுங்கள். தமிழ்நாட்டுக் கடைகளில் பட்டை என்று கிடைப்பது பெரும்பாலும் தடித்த காசியா வகை, காரம் கூடுதல். கறுவாவின் மென்மையான இனிப்பு மணம் இந்தப் பண்டத்துக்கு மிகவும் பொருந்தும்.

புட்டிங் மாதிரி வேண்டாம். தனித்தனித் துண்டாக, மொறுமொறுப்பாக, ஆறு பேருக்கு ஒரே நேரத்தில் வேண்டும்.
- வாசகி, பெங்களூரு

தட்டையான ட்ரேயில் 3 டேபிள்ஸ்பூன் நெய் ஊற்றி, 220 டிகிரி ஓவனில் 5 நிமிடம் சூடாக்குங்கள். வெண்ணெயில் உள்ள பால்சத்து இந்தச் சூட்டில் கருகும், நெய் தாங்கும். 4 முட்டை, 300 மி.லி. பால், 1 டேபிள்ஸ்பூன் சர்க்கரை கலந்து, 2 செ.மீ. தடிமனுள்ள 8 துண்டுகளை ஒரு பக்கத்துக்கு 20-30 விநாடி நனைத்து, சொட்ட விட்டு, சூடான ட்ரேயில் இடைவெளி விட்டு வையுங்கள். 8-10 நிமிடத்தில் அடி சிவந்ததும் திருப்பி இன்னும் 5 நிமிடம். ட்ரே சூடாக இல்லாவிட்டால் துண்டு ஒட்டிக்கொண்டு பிய்ந்துவரும். இனிப்பு போதாது என்றால் பரிமாறும்போது தூவுங்கள். கலவையில் கூட்டினால் உள்ளே வேகும் முன் வெளியே கருகும். சின்ன ஓவனில் நான்கு நான்காகத்தான் வைக்க முடியும்.

பழம் சேர்க்கலாமா? அன்னாசி போட்டபோது கஸ்டர்ட் கசந்தது.
- வாசகர், நாகர்கோவில்

பச்சை அன்னாசியில் புரதத்தைச் சிதைக்கும் நொதி இருக்கிறது. அது பால், முட்டை இரண்டையும் உடைத்துக் கசப்பாக்கும், கஸ்டர்டை இறுக விடாது. பப்பாளியும் அப்படியே. அன்னாசியைச் சர்க்கரையோடு ஐந்தாறு நிமிடம் கொதிக்க விட்டு, ஆற வைத்துச் சேர்த்தால் பிரச்சினை இல்லை. ஆப்பிளை வெண்ணெயில் வதக்கிப் போடுங்கள், ஓவனில் மட்டும் அது மெத்தென்று வேகாது. வாழைப்பழம் அடி அடுக்கில் அருமை. மாம்பழத்தைப் பரிமாறும்போது மேலே வையுங்கள், நீர் விடும் பழம்.

இரவே ஊற வைப்பது பாதுகாப்பானதா? மிஞ்சியதை என்ன செய்வது?
- வாசகி, புதுச்சேரி

ஃப்ரிட்ஜுக்குள் 8 முதல் 12 மணி நேரம் தாராளமாக வைக்கலாம். ஒரு நாளைத் தாண்ட வேண்டாம். சமையலறை மேடையில் மட்டும் விட்டுவிடாதீர்கள். வெயில் காலத்தில் 32 டிகிரிக்கு மேல் போனால் பச்சை முட்டைக் கலவை ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே இருக்கக் கூடாது. கண்ணாடி ட்ரேயில் ஊற வைத்திருந்தால், ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த கையோடு சூடான ஓவனில் வைக்காதீர்கள், வெடித்துவிடும் அபாயம் உண்டு. அரை மணி நேரம் வெளியே வைத்துக் குளிர் தணிந்த பின் வையுங்கள், உலோக ட்ரே என்றால் இந்தக் கவலை இல்லை. குளிர்ந்த ட்ரே என்பதால் மூடி வேகும் நேரத்தில் 5-10 நிமிடம் கூட்டுங்கள்.

மிஞ்சியதை ஆறியதும் மூடி ஃப்ரிட்ஜில் வைத்து மூன்று நாளுக்குள் தீர்த்துவிடுங்கள். மைக்ரோவேவில் சூடாக்கினால் மேல்தூவல் நமத்துவிடும். 160 டிகிரி ஓவனில் ஃபாயில் மூடி 10 நிமிடம், பிறகு திறந்து 3 நிமிடம். ஓவனைப் பற்றவைக்க மனமில்லை என்றால் 2 செ.மீ. துண்டுகளாக வெட்டி, தோசைக்கல்லில் துளி நெய் விட்டு இரண்டு பக்கமும் சிவக்க எடுங்கள்.