2000-களின் பிற்பகுதியில், யூடியூப் இருந்தும் மலேசிய மலாய் இளைஞர்கள் ஏன் புளூடூத்தில் வீடியோ அனுப்பினார்கள்?

காரணம் காசுதான். யூடியூப் 2005-லேயே வந்துவிட்டது. ஆனால் பிரீபெய்டு போனில் நெட்டைத் திறந்தால் கிலோபைட் கணக்கில் பணம் கரையும். புளூடூத்துக்குச் செலவே இல்லை.

அன்றைய நோக்கியாவில் எடுத்த வீடியோ த்ரீஜிபி கோப்பாகச் சேரும். பெரும்பாலும் 176-க்கு 144 புள்ளிதான். முகம் கட்டம் கட்டமாகத் தெரியும். வாய் ஒரு பக்கம், குரல் ஒரு பக்கம். கோப்பு அவ்வளவு சிறியதாக இருந்ததால்தான் இரண்டு போனையும் அருகருகே வைத்துச் சில நிமிடம் காத்திருந்தால் கைமாறியது.

ஃபேஸ்புக்குக்கு முன்பே வந்த சமூக வலைத்தளமான ஃபிரெண்ட்ஸ்டர் வேறு உலகம். படம், பக்க அலங்காரம், நண்பர்கள் எழுதித் தரும் 'டெஸ்டிமோனியல்'. எனக்குப் பிடித்தது அங்கே புழங்கிய மலாய் மொழி. 'தாக்' (இல்லை) என்பதற்கு 'x' என்ற ஒற்றை எழுத்து போதும். நண்பர்களைக் குறிக்கும் 'கவான்-கவான்', 'கவான்2' ஆகிவிடும். சொல்லை இருமுறை படிக்கச் சொல்லும் இந்த 2 புதிதல்ல. 1972-இல் வந்த மலாய் எழுத்துச் சீர்திருத்தம் அதை முறையான எழுத்திலிருந்து விலக்கியது. 160 எழுத்துக்குள் அடங்க வேண்டிய எஸ்எம்எஸ் அதற்கு மறுவாழ்வு கொடுத்தது.

2009-இல் மலேசியாவின் எம்ஓஎல் நிறுவனம் ஃபிரெண்ட்ஸ்டரையே வாங்கியது. அதற்குள் கூட்டம் ஃபேஸ்புக் பக்கம் போய்க்கொண்டிருந்தது. 2011-இல் தளத்தை விளையாட்டுத் தளமாக மாற்றியபோது பழைய படங்களும் டெஸ்டிமோனியல்களும் அழிக்கப்பட்டன.