திரைக்குப் பின்னால் பல வேலைகள் பார்த்தவர்களில் உங்களைக் கவர்ந்தவர் யார்?

யோசிக்காமல் சொல்வேன், பஞ்சு அருணாசலம். எங்கள் வீட்டில் படம் போட்டால், டைட்டில் ஓடி முடியும் வரை அப்பா யாரையும் பேச விடமாட்டார். ஒரு படத்தில் திரைக்கதை வசனம், இன்னொன்றில் பாடல்கள், வேறொன்றில் எல்லாமே என்று அந்தப் பெயர் வந்துகொண்டே இருக்கும்.

கண்ணதாசன் அவருக்குச் சித்தப்பா. அவர் சொல்லச் சொல்லப் பாட்டை எழுதிக்கொள்ளும் உதவியாளராக இருந்து பழகிய கை. 'கலங்கரை விளக்கம்' (1965) படத்தில் வரும் 'பொன்னெழில் பூத்தது' இவர் பாட்டு. கண்ணதாசன் எழுதியது என்றே இன்னும் பலர் நினைக்கிறார்கள். அப்புறம் 1976-இல் 'அன்னக்கிளி'. ராசையாவுக்கு இசையமைக்க வாய்ப்பு வாங்கித் தந்து, ஏற்கெனவே ஏ.எம்.ராஜா இருக்கிறாரே என்று 'இளைய' சேர்த்து இளையராஜா என்று பெயரும் வைத்தார். இது எல்லோருக்கும் தெரிந்த கதை.

எனக்குப் பெரிதாகப் படுவது அடுத்து வந்தது. 1979-இல் 'ஆறிலிருந்து அறுபது வரை'. ஸ்டைலுக்காகவே கூட்டம் வந்துகொண்டிருந்த ரஜினியை, தம்பி தங்கைகளுக்காக உழைத்துத் தேய்ந்து போகும் அண்ணனாக எழுதினார். அடுத்த வருடமே 'முரட்டுக்காளை'. அதே ரஜினி, அதே எஸ்.பி.முத்துராமன், அதே பஞ்சு. ஆனால் இது திருவிழாக் கூட்டத்துக்கான படம். 'கண்மணியே காதல் என்பது', 'பொதுவாக என் மனசு தங்கம்' இரண்டையும் எழுதியது ஒரே ஆள் என்று சொன்னால் நம்புவது கஷ்டம். தன் பாணி இது என்று அவர் எதிலும் முத்திரை குத்தவில்லை. படம் என்ன கேட்டதோ அதைக் கொடுத்தார். இயக்கியும் பார்த்தார், 'மணமகளே வா', 'புதுப்பாட்டு' என்று. அதில் அவர் உயரம் தெரியவில்லை.

சிக்கிய கதையைச் சரிசெய்வதில்தான் தெரிந்தது. 'அபூர்வ சகோதரர்கள்' கொஞ்சம் படமான பிறகு, கதை கூடி வரவில்லை என்று கமல் அவரிடம்தான் போனார். கொல்லப்பட்ட போலீஸ்கார அப்பா, பிரிந்து வளரும் இரட்டையர், பழிவாங்கல் என்று நமக்குப் பழகிய கதையையே அடியில் வைத்தார். பழிவாங்குவது குள்ள அப்பு என்பதால் அந்தப் பழைய கதை புதிதாகிவிட்டது. 1989-இல் வந்த படத்தில் 'கதை' என்று அவர் பெயர் இருக்கும்.

2016 ஆகஸ்டில் அவர் இறந்த செய்தி வந்த அன்று ராத்திரி, அப்பாவும் நானும் அதைத்தான் போட்டுப் பார்த்தோம். டைட்டிலைத் தள்ளிவிட அப்பா அன்றும் விடவில்லை.