பனியனில் முகம், பெட்டியில் தாள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

2023 ஜனவரியில் சே குவேராவின் மகள் அலெய்டா சென்னை வந்தபோது கூட்டத்தில் நின்று பார்த்தவன் நான். ஒரு கேள்வி இன்னும் உறுத்துகிறது. அவருடைய தம்பி எர்னெஸ்டோ கியூபாவில் மோட்டார் சைக்கிள் சுற்றுலா நிறுவனம் நடத்தினாராம். புரட்சியாளரின் பிள்ளைகள் அப்பாவின் பெயரை வைத்துப் பிழைக்கலாமா? மரபைக் காப்பது இதுதானா?

க., விருதுநகர்

அன்புள்ள க.,

மோட்டார் சைக்கிளை முதலில் ஓரமாக நிறுத்திவிடுவோம். இளமையில் சேவும் நண்பர் அல்பெர்தோ கிரனாதோவும் ஊர் சுற்றிய நார்ட்டன் வண்டியின் பெயரையே மகன் தன் நிறுவனத்துக்கு வைத்தது எனக்கும் நெருடல்தான். ஆனால் மனைவி மக்களுக்குச் சொத்து எதுவும் விட்டுச்செல்லவில்லை, அதற்காக வருந்தவும் இல்லை என்று கியூபத் தலைவர் ஃபிடல் காஸ்ட்ரோவுக்கு எழுதிவிட்டுப் போனவர் தகப்பன். பிள்ளைகள் உழைத்துத்தான் சாப்பிட வேண்டும். நீங்கள் பார்த்த அலெய்டா குழந்தை மருத்துவர். அங்கோலாவிலும் வேலை பார்த்தவர்.

பனியனில் அச்சாகும் சேவின் முகம் பிள்ளைகள் கையில் எப்போது இருந்தது? 1960 மார்ச் 5 அன்று ஹவானாவில் புகைப்படக்காரர் அல்பெர்தோ கோர்தா எடுத்த படம் அது. அவர் ராயல்டி கேட்டதில்லை. வோட்கா விளம்பரத்தில் போட்டபோதுதான் வழக்குத் தொடுத்தார். 2000இல் கிடைத்த 50,000 டாலரையும் கியூப மருத்துவத் துறைக்கே கொடுத்துவிட்டார். நம் ஊர் ஆட்டோவின் முதுகுவரை வந்துவிட்ட படத்தை எந்த மகள் திருப்பிக் கேட்க முடியும்?

குடும்பத்திடம் மிஞ்சியது சே எழுதிய தாள்கள். சேவின் மனைவி அலெய்டா மார்ச்சும், 2022இல் இறந்த மகன் கமீலோவும் ஹவானாவின் சே குவேரா ஆய்வு மையத்தில் பார்த்த வேலை அவற்றைக் காப்பதுதான். காங்கோ போராட்டம் பற்றிய கையெழுத்துப் பிரதியை எடுத்துக்கொள்ளுங்கள். ‘இது ஒரு தோல்வியின் வரலாறு’ என்றுதான் சே அதைத் தொடங்குகிறார். சோவியத் பொருளாதாரப் பாடநூலைக் கடுமையாக விமர்சித்து அவர் எழுதிய குறிப்புகளும் இருந்தன. அவை 2006இல்தான் புத்தகமாயின. நாற்பது ஆண்டுத் தாமதம்! அதை நான் மன்னிக்கத் தயாரில்லை. ஆனால் தாள் இருந்ததே. நம் பக்கம் பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு பரணில் கிடக்கும் டைரிகள் எடைக்குப் போய்விடும். மிஞ்சுவது மாலை போட்ட படம் ஒன்றுதான். சேவின் தாள்களோ 2013இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் ஏறின.

பிள்ளைகளிடம் எதிர்பார்க்கக் கூடாதது ஒன்றும் உண்டு. 1959இல் ஹவானாவின் லா கபானா கோட்டையில் மரண தண்டனைகள் நடந்தபோது அங்கே தளபதியாக இருந்தவர் சே. அந்தக் கணக்கை மகள் எழுத மாட்டார். வெளியாட்கள்தான் எழுத வேண்டும், எழுதியும் இருக்கிறார்கள்.

இன்னொன்று. அந்தப் பிள்ளைகளுக்குத் தகப்பனைப் பற்றிய சொந்த நினைவே சொற்பம். 1966இல் பொலிவியாவுக்குக் கிளம்பும் முன் சே, ரமோன் என்ற கிழவர் வேடத்தில் வந்து பிள்ளைகளைப் பார்த்தார். அலெய்டாவுக்கு அப்போது ஆறு வயதுகூட நிரம்பவில்லை. ஓடி விளையாடியபோது தலையில் அடிபட, அந்தக் கிழவர் பதறிப்போய்த் தூக்கிக் கவனித்தார். “இந்தத் தாத்தாவுக்கு என்மேல் காதல் போலிருக்கிறது” என்று அம்மாவிடம் போய்ச் சொன்னாளாம் குழந்தை. வந்தது யார் என்று பிற்பாடு அம்மா சொல்லித்தான் அவளுக்குத் தெரியும்.