2003 பிழை: கதவு எங்கே அடைபட்டிருக்கிறது?

கேள்வி: உபுண்டு சர்வரில் மைஎஸ்கியூஎல் என்ற டேட்டாபேஸ் மென்பொருளை நிறுவியிருக்கிறேன். சர்வருக்குள் நன்றாக ஓடுகிறது. வீட்டிலுள்ள விண்டோஸ் கணினியிலிருந்து இணைத்தால் 2003 என்று பிழை வருகிறது. பாஸ்வேர்டை மாற்றியும் பலனில்லை. என்ன செய்வது?

பதில்: பாஸ்வேர்டைத் தொடாதீர்கள். 2003 வந்தால் இணைப்பு பாஸ்வேர்டு கேட்கும் இடம்வரை போகவே இல்லை என்று பொருள். பிழைச் செய்தியின் கடைசியில் அடைப்புக்குறிக்குள் இருக்கும் எண்ணைப் பாருங்கள். 10060 என்றால் பதிலே வரவில்லை. பெரும்பாலும் இணைப்புகளை வடிகட்டும் ஃபயர்வால்தான் காரணம். உபுண்டுவின் ஃபயர்வால், கிளவுட் நிறுவனத்தின் ஃபயர்வால் இரண்டிலும், மைஎஸ்கியூஎல் வழக்கமாகப் பயன்படுத்தும் 3306 போர்ட் திறந்திருக்கிறதா என்று பாருங்கள். ஒன்றை மட்டும் திறந்துவிட்டுத் தவிப்பவர்களே அதிகம்.

10061 என்றால் சர்வர் மறுக்கிறது. எந்த முகவரியில் இணைப்புகளை ஏற்பது என்று சொல்லும் அமைப்புதான் பைண்ட்-அட்ரஸ். உபுண்டுவில் மைஎஸ்கியூஎல்லுக்கு அது இயல்பாகவே 127.0.0.1 (அதே கணினியைக் குறிக்கும் முகவரி), அதாவது வெளியிலிருந்து வருவதைக் கேட்காது. அதைச் சர்வரின் ஐபி முகவரியாக மாற்றி, மைஎஸ்கியூஎல்லை ரீஸ்டார்ட் செய்யுங்கள்.

பிறகு 1130 பிழை வந்தால் பயப்படாதீர்கள், இணைப்பு மைஎஸ்கியூஎல் வரை போய்விட்டது, அது முன்னேற்றம்தான். பயனர் கணக்கு ‘லோக்கல்ஹோஸ்ட்’டுக்கு, அதாவது சர்வருக்குள்ளிருந்து இணைவதற்கு மட்டும் உருவாக்கப்பட்டிருக்கும். உங்கள் ஐபிக்கென்று தனிக் கணக்கு உருவாக்கி, தேவையான டேட்டாபேஸுக்கு மட்டும் அனுமதி கொடுங்கள். 1045 வந்தால்தான் பாஸ்வேர்டைச் சந்தேகிக்க வேண்டும்.

ஆனால் 3306-ஐ உலகத்துக்கே திறந்து வைப்பது ஆபத்து. அதற்குப் பதில் எஸ்எஸ்ஹெச் டனல் (சர்வருக்குப் பாதுகாப்பாகச் செல்லும் மறையாக்கப்பட்ட பாதை) போடுங்கள்: உங்கள் கணினியின் 3307 போர்ட்டை, சர்வரின் 127.0.0.1:3306-உடன் இணைத்தால் போதும். இந்த வழியில் பைண்ட்-அட்ரஸை மாற்றவே வேண்டாம். இணைக்கும்போது ஹோஸ்ட் 127.0.0.1, போர்ட் 3307 என்று கொடுங்கள்.