ஷெஃபீல்டு நீப்செண்ட் தொகுதி ஏன் ஐந்தே ஆண்டில் மறைந்தது?

தொகுதி என்பது ஊர் அல்ல. ஒரு நாடாளுமன்ற உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் வாக்காளர்களைச் சுற்றிப் போட்ட கோடு. இங்கிலாந்தின் எஃகு நகரமான ஷெஃபீல்டில் நீப்செண்ட் தொகுதி 1950இல் உருவாகி 1955இல் நீங்கியது. 3 முதல் 7 ஆண்டுகளுக்கு ஒருமுறை எல்லைகளைச் சரிபார்க்க வேண்டும் என்றது 1949ஆம் ஆண்டுச் சட்டம். அப்படிப் பார்த்தபோது நகரத்தின் 7 தொகுதிகள் 6 ஆயின. பள்ளியில் ஒரு பிரிவைக் கலைத்து, அந்த மாணவர்களை மற்றப் பிரிவுகளில் உட்கார வைப்பது போலத்தான்.

இந்தக் குறுகிய ஆயுளிலும் ஓர் இடைத்தேர்தல்! 1950இல் வென்ற ஹாரி மாரிஸ் சில வாரங்களிலேயே விலக, பொதுத்தேர்தலில் தோற்றிருந்த அரசின் சட்ட அதிகாரியான சொலிசிட்டர் ஜெனரல் ஃபிராங்க் சாஸ்கிஸ் அங்கே நின்று வென்றார். 1955இல் அவருக்குத் தொகுதியே இல்லை. 1956இல் நியூபோர்ட் தொகுதி வழியாக நாடாளுமன்றத்துக்குத் திரும்பினார். எல்லைக் கோடுகளை இத்தனை அடிக்கடி மாற்றுவது சரிப்படாமல், 1958இல் இடைவெளியை 10 முதல் 15 ஆண்டாக்கினார்கள். நியாயமான திருத்தம்.

தொகுதி போனதால் மக்களின் வாக்கும் போனது என்று நினைக்க வேண்டாம். அவர்கள் பக்கத்துத் தொகுதிகளில் வாக்களித்தார்கள்.