கேளுங்க, சொல்றோம்: ஜன்னலை உடைத்தவனுக்குக் கல்யாணம்

கேள்வி: பேரன் கைப்பேசியில் ஒரு பேசாத படம் காட்டினான். ஒருத்தி ஓர் ஆளைக் கோர்ட்டுக்கு இழுத்துப் போகிறாள், நீதிபதி இருவருக்கும் கல்யாணம் பண்ணி அனுப்பிவிடுகிறார்! என்ன படம்? எல்லாரும் ஏன் விசுக் விசுக்கென்று நடக்கிறார்கள்?
– ஒரு வாசகி, சுங்கை சிப்புட்

பதில்: அது 'மை வைஃப்ஸ் ரிலேஷன்ஸ்' அம்மா, 1922-இல் சிரிப்பு நடிகர் பஸ்டர் கீட்டன், இயக்குநர் எடி கிளைனோடு சேர்ந்து எடுத்த இரண்டு ரீல் படம். ஜன்னலை உடைத்துவிட்டான் என்று அந்தம்மா இழுத்து வர, போலந்துக்காரர்களின் போலிஷ் மொழி மட்டுமே தெரிந்த நீதிபதியோ கல்யாணத்துக்கு வருவதாகச் சொன்ன ஜோடி இவர்கள்தான் என்று நினைத்து முடிச்சுப் போட்டுவிடுகிறார். பேசாத படத்தில் பாஷை புரியாத ஜோக்கா என்று தோன்றும். ஆனால் நீதிபதி பேசுவது நமக்கும் கேட்காதே, அவன் முழிக்கிற மாதிரியே நாமும் முழிக்கிறோம், அதில்தான் சிரிப்பு. வசனம் கேட்டிருந்தால் பாதி போயிருக்கும்.

என் தாத்தா ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டியவர். ஒரு மோட்டார் சைக்கிள் விபத்துக்குச் சாட்சி சொல்லப் போனார், தமிழ் மொழிபெயர்ப்பாளர் இன்னும் வந்து சேரவில்லை. மாஜிஸ்திரேட் மலாயில் ஏதோ கேட்க, இவர் முணுமுணுக்க, அது காதில் விழாமல் அவர் "அப்பா?" என்றாராம், மலாயில் "என்ன?" என்று அர்த்தம். சந்தையில் தினமும் கேட்டுப் பழகிய சொல்தான், ஆனால் கூண்டில் ஏறினால் காதும் குழம்பும் போல. "அவர் போய்ச் சேர்ந்து இருபது வருசமாச்சுங்க ஐயா" என்றிருக்கிறார் தாத்தா!

சரி, வேகம். அப்போது காமிராவைக் கையால் சுற்றுவார்கள், விநாடிக்குப் பதினாறு படம் (ஃபிரேம்) என்பது பொதுவான கணக்கு, கையைப் பொறுத்துக் கூடும் குறையும். பேசும் படம் வந்த பிறகு 24 ஆனது. பதினாறில் எடுத்ததை 24-இல் ஓட்டினால் ஒரு நிமிட நடை நாற்பது விநாடியில் முடிந்துவிடும். சிரிப்புப் படக்காரர்கள் வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றியதும் உண்டு.

அப்புறம், சாப்பாட்டு மேசைக் காட்சியைத் தவற விடாதீர்கள். மச்சான்கள் இறைச்சியைக் காலி செய்துகொண்டே இருக்க, இவனுக்கு ஒரு துண்டுகூடக் கிடைக்காது. மெல்ல எழுந்து போய் நாள்காட்டியை வெள்ளிக்கிழமைக்குக் கிழித்துவிடுவான். கத்தோலிக்கக் குடும்பம், அப்போதெல்லாம் வெள்ளிக்கிழமை இறைச்சி தொடமாட்டார்கள், அத்தனை பேரும் கையை எடுத்துவிடுவார்கள்! நம் வீட்டில் யாராவது புரட்டாசி சனிக்குக் கிழித்துவிட்டால் ஆட்டுக்கறிச் சட்டி யாருக்கு மிஞ்சும் என்று பேரனைக் கேட்டுப் பாருங்கள்.