கேமரா பிடிக்கும் டாக்டர்

கேள்வி: டாக்டர் ஒருவர் மருத்துவ அறம் பற்றி ஆவணப்படம் எடுப்பதாகப் படித்தேன். நோயாளி படும் பாட்டைப் படம் பிடிப்பதே அறமில்லாத வேலைதானே? அந்த நேரத்தில் வைத்தியம் பார்க்கலாமே?

பதில்: உங்கள் கோபத்தில் பாதி நியாயம். 2011-இல் நியூயார்க்கில் குப்பை லாரி மோதி, உயிர் போகும் நிலையில் ஒருவரை மருத்துவமனைக்குக் கொண்டுவந்தார்கள். குடும்பத்தாரிடம் ஒரு வார்த்தை கேட்காமல், சிகிச்சை அறைக்குள்ளேயே டி.வி. குழு அவரைப் படம் பிடித்தது. மறு வருடம் ஒளிபரப்பானபோது முகத்தை மங்கலாக்கியிருந்தார்கள். டி.வி. பார்த்துக்கொண்டிருந்த மனைவிக்குக் குரலே போதுமானதாக இருந்தது. கணவர் சாவதை அந்த அம்மா வீட்டில் உட்கார்ந்து பார்த்தார். இப்படி இரண்டு நோயாளிகளைப் படம் பிடிக்க விட்டதற்காக 2016-இல் மருத்துவமனை 22 லட்சம் டாலர் கட்ட ஒப்புக்கொண்டது. முகத்தை மறைத்துவிட்டோமே என்பது ஒரு பதிலே அல்ல.

ஆனால் ‘வைத்தியம் பார்க்கலாமே’ என்கிறீர்களே, அதை ஏற்க மாட்டேன். ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மாரென் கிரெய்ஞ்சர்-மான்சென் அவசர சிகிச்சை டாக்டர், ஆவணப்பட இயக்குநரும்கூட. கலிபோர்னியாவில் வாழ்ந்த ஓர் ஆப்கானிய முதியவரை அவர் படமெடுத்தார். வயிற்றில் புற்றுநோய், கீமோதெரபி வேண்டாம் என்றுவிட்டார் பெரியவர். கேஸ் ஷீட்டில் இது ஒரு வரியோடு முடிந்துவிடும். கேமரா அதோடு நிற்கவில்லை. பம்ப் வழியாக மருந்து இடைவிடாமல் உடம்பில் ஏறிக்கொண்டிருந்தால் தொழுகைக்கான தூய்மை கெடுமே என்பதுதான் அவருடைய கவலை. வேறு விதமாகவும் மருந்து கொடுக்கலாம் என்ற விஷயம் அவருக்குப் போய்ச் சேரவே இல்லை. டாக்டர் பேசியது ஒரு மொழி, அவர் பேசியது வேறு மொழி; நடுவில் பாசத்தோடு தவித்த குடும்பம். யாரும் கெட்டவர்கள் இல்லை, ஆனாலும் ஒரு மனிதரின் சிகிச்சை கை நழுவியது. மருத்துவ மாணவர்களுக்கு இதை எத்தனை வகுப்பு எடுத்தாலும் புரியவைப்பது கஷ்டம். அந்தப் பெரியவரின் முகத்தைப் பார்த்தால் புரியும்.

சரி, அப்படியானால் டாக்டர் யாரை வேண்டுமானாலும் எடுக்கலாமா? கூடாது. முக்கியமாக, தான் வைத்தியம் பார்க்கும் நோயாளியை எடுக்கவே கூடாது. காலையில் ஊசி போட்ட அதே கை சாயங்காலம் படிவத்தை நீட்டினால், படுக்கையில் கிடப்பவர் எப்படி மறுப்பார்? ‘மாட்டேன் என்றால் கவனிப்பு குறைந்துவிடுமோ’ என்ற பயத்தில் போடும் கையெழுத்தைச் சம்மதம் என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். சிகிச்சையில் சம்பந்தப்படாத வேறொருவர்தான், நோயாளியின் மொழியிலேயே கேட்க வேண்டும். படத்தொகுப்பு முடிந்ததும் போட்டுக் காட்டி மறுபடி கேட்க வேண்டும். அப்போது வேண்டாம் என்றால், எத்தனை அருமையான காட்சியானாலும் நீக்கிவிட வேண்டும். நினைவில்லாத நோயாளிக்கு அறுவை சிகிச்சை செய்ய உறவினர் கையெழுத்துப் போடுகிறார். அது அவர் பிழைப்பதற்காக. படம் அவரைப் பிழைக்கவைக்காது. அதனால் அந்தக் கையெழுத்தை இதற்கும் சேர்த்து வாங்குவது தப்பு.

நீங்கள் படித்த டாக்டர், கேமராவை எடுக்கும் முன் யாரை விட்டுச் சம்மதம் கேட்டார் என்று செய்தியில் இருந்ததா? இருந்தால் எழுதி அனுப்புங்கள். அதைப் பார்த்துவிட்டு மீதியைச் சொல்கிறேன்.